தாயின் குரலும் மகளின் பாட்டும்

ஜப்பானியப் பாட்டுக்கும் புதுச்சேரிக் கிழவனுக்கும் என்னய்யா சம்பந்தம் என்று என் வயது நண்பர்கள் கேட்பார்கள். கேட்கலாம், நியாயம்தான். எனக்கு ஜப்பானிய மொழியில் ஓர் எழுத்துகூடத் தெரியாது. பிரான்சிலிருந்து விடுமுறைக்கு வந்திருந்த மகள் வயிற்றுப் பேத்தி ஒரு நாள் நெட்ஃபிளிக்ஸில் ‘ஃபர்ஸ்ட் லவ்’ என்ற ஜப்பானியத் தொடரைப் போட்டுவிட்டாள். திரையின் அடியில் பிரெஞ்சு எழுத்து ஓடியது. “தாத்தா, உங்களுக்குத்தான் பிரெஞ்சு தெரியுமே, படிச்சிக்கிட்டே பாருங்க” என்றாள். ஒன்பது பகுதிகள். மூன்று நாளில் பார்த்து முடித்தோம். தொடரில் பாதி எனக்கு இப்போது மறந்துபோயிற்று. பாட்டு மட்டும் காதை விட்டுப் போகவில்லை.

முப்பது வருடத்துக்கு மேல் அரசு அலுவலகத்தில் காகிதம் புரட்டியவனுக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. ஒரு கோப்பு மேசைக்கு வந்தால் அடிக்காகிதம் வரை பார்க்காமல் கையெழுத்துப் போட மாட்டான். இந்தப் பாட்டையும் அப்படித்தான் புரட்டினேன். 2022-இல் வந்த தொடருக்கு அடியில் 1999-இல் வந்த வேறொரு தொடர் இருந்தது. அதற்கும் அடியில் 1970-இல் ஜப்பானையே அழவைத்த ஒரு பெண் இருந்தாள். அவளுக்கும் அடியில், ஊர் ஊராகப் போய் ஷாமிசென் வாசித்த பார்வையற்ற ஒரு தாய். பாட்டின் கதை உண்மையில் அங்கிருந்துதான் தொடங்குகிறது. ஆனாலும் மேல் காகிதத்திலிருந்தே வருகிறேன்.

முதலில் அந்த ஊர்த் தொடர்களைப் பற்றி இரண்டு வார்த்தை. நம் வீட்டில் ஓடும் நெடுந்தொடரைப் போல அவை ஆயிரம் பகுதி ஓடுவதில்லை. மூன்று மாதத்துக்கு ஒன்று. வாரம் ஒரு நாள், சுமார் ஒரு மணி நேரம், பத்துப் பதினோரு வாரத்தில் கதை முடிந்தது. மாமியாரும் மருமகளும் பத்து வருடம் முறைத்துக்கொண்டே நிற்க அங்கே வழியில்லை. அடுத்த மூன்று மாதத்துக்கு வேறு கதை, வேறு நடிகர்கள், வேறு பாட்டு. ஒவ்வொரு தொடருக்கும் ஒரு தலைப்புப் பாட்டு உண்டு. அதைத் தொடக்கத்தில் போட்டுவிட்டு மறந்துவிட மாட்டார்கள். காதலன் ரயில் நிலையத்தில் ஓடி வருகிறான், கதவு மூடப்போகிறது, அந்த நேரம் பார்த்துப் பாட்டின் முதல் வாத்தியம் ஒலிக்கும். பார்க்கிறவர்கள் அந்த ஒலிக்காகவே காத்திருப்பார்கள்.

பாட்டுக் கம்பெனியும் தொலைக்காட்சி நிலையமும் கைகோத்துக்கொள்ளும் இந்த ஏற்பாட்டுக்கு ஜப்பானியர் ஆங்கிலத்தை இரவல் வாங்கி ‘டை-அப்’ என்று பெயர் வைத்திருக்கிறார்கள். 1991 ஒரே வருடத்தில் இதன் பலம் தெரிந்துவிட்டது. ஆண்டின் தொடக்கத்தில் ‘டோக்கியோ லவ் ஸ்டோரி’ என்ற தொடருக்கு ஓதா கசுமாசா பாடிய பாட்டு 25 லட்சத்துக்கு மேல் விற்றது. அதே நிலையத்தின் ‘101-ஆவது முறை பெண் கேட்டல்’ என்ற தொடருக்கு சாகே-ஆஸ்கா இரட்டையர் பாடிய ‘சே யெஸ்’, விற்பனைப் பட்டியலில் தொடர்ந்து 13 வாரம் முதலிடத்தில் இருந்தது. தொடர் பாட்டை விற்றது, பாட்டு தொடரை விற்றது. மாலையில் வேலை முடிந்து கராவோக்கே அறைக்குப் போகிற குமாஸ்தாக்கள் (ஆம், நம் இனத்தார்தான்) அதையே பாடினார்கள்.

இதனால் இசை தெரிந்தவர்கள் நடுவில் இந்தப் பாட்டுகளுக்குக் கொஞ்சம் இளப்பம் உண்டு. கடைச் சரக்கு, அளவு கொடுத்துத் தைத்த சட்டை என்பார்கள். அளவெடுத்துத் தைத்தால் என்ன, சட்டை நன்றாக இருக்கக் கூடாதா? நம் திரைப்பாட்டுகள் எல்லாமே அளவெடுத்துத் தைத்தவைதானே.

1998-இல் ஜப்பானின் இசைத்தட்டுத் தொழில் உச்சத்தில் இருந்தது. அந்த ஆண்டு உற்பத்தியான தட்டுகள், நாடாக்களின் மதிப்பு ஏறக்குறைய 60,750 கோடி யென். அதற்குப் பிறகு இறங்குமுகம்தான். அந்த உச்சியில், 1998 டிசம்பர் 9 அன்று, உத்தாதா ஹிகாரு என்ற பெண்ணின் முதல் ஜப்பானியத் தட்டு வந்தது. பாட்டின் பெயர் ‘ஆட்டோமேட்டிக்’. பாடியவளுக்கு வயது 15. சொல்லும் இசையும் அவளே எழுதியவை. மூன்று மாதம் கழித்து, 1999 மார்ச் 10-இல் ‘ஃபர்ஸ்ட் லவ்’ என்ற முழு ஆல்பம் வந்தது. முதல் வாரத்திலேயே 20 லட்சத்துக்கு மேல் போயிற்று. ஜப்பானில் மட்டும் மொத்தம் சுமார் 76.5 லட்சம். அந்த நாட்டில் இன்றுவரை அதிகம் விற்ற ஆல்பம் அதுதான். ஜனத்தொகையை வகுத்துக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். கைக்குழந்தை முதல் கிழவி வரை பதினாறு பதினேழு பேருக்கு ஒன்று வருகிறது. ஒரு வீட்டில் ஒன்று வாங்கினால் எல்லாரும் கேட்பார்கள் அல்லவா? அப்படியென்றால் கேட்காதவர் யார்?

ஆல்பத்தின் பெயரையே கொண்ட பாட்டை டி.பி.எஸ். நிலையம் தன் புதுத் தொடருக்கு எடுத்துக்கொண்டது. தொடரின் பெயர் ‘மாஜோ நோ ஜோகென்’. சூனியக்காரியின் நிபந்தனை என்று தமிழில் சொல்லலாம். பெயரைப் பார்த்துப் பேய்க்கதை என்று நினைத்துவிடாதீர்கள். 1999 ஏப்ரல் 8, வியாழக்கிழமை இரவு பத்து மணிக்குத் தொடங்கி ஜூன் 17 வரை 11 பகுதிகள். மாத்சுஷிமா நானாகோ பள்ளி ஆசிரியை. தாக்கிசாவா ஹிதேயாக்கி அவள் வகுப்பு மாணவன், 17 வயது. கதையில் அந்தப் பையனின் பெயரும் ஹிகாரு. இருவருக்கும் காதல் வருகிறது. ஊர் அவளைச் சூனியக்காரியாகப் பார்க்கிறது. அதுதான் கதை.

பிரெஞ்சுப் பள்ளியில் படித்த எங்கள் தலைமுறைக்கு இதைக் கேட்டதும் வேறொன்று நினைவுக்கு வரும். 1969-இல் மார்செய் நகரத்து ஆசிரியை கப்ரியேல் ருசியே தன் மாணவனைக் காதலித்ததற்காகத் தண்டிக்கப்பட்டு, செப்டம்பர் முதல் தேதி தற்கொலை செய்துகொண்டார். அதிபர் பொம்பிது பத்திரிகையாளர் கூட்டத்தில் அதைப் பற்றிக் கேட்டபோது சட்டம் பேசாமல் ஒரு கவிதையைச் சொல்லி நிறுத்திக்கொண்டார். பிறகு அதைப் படமாக எடுத்தார்கள். அஸ்னவூர் ஒரு பாட்டும் பாடினார். அந்தப் பாட்டில் ஒரு நீதிமன்றமே இருந்தது: உலகம் ஒரு பக்கம், அந்தப் பெண் ஒரு பக்கம்.

‘ஃபர்ஸ்ட் லவ்’ அப்படி இல்லை. அதில் ஊரும் இல்லை, குற்றமும் இல்லை. பிரிந்துபோன ஒருத்தி நினைத்துப் பார்க்கிறாள், அவ்வளவுதான். தொடக்கத்திலேயே ஒரு முத்தமும் அதில் ஒரு சிகரெட் வாடையும் வருகின்றன. பதினாறு வயதுப் பெண்ணுக்கு இது எப்படித் தெரியும் என்று அன்று பல தாய்மார்கள் திடுக்கிட்டிருப்பார்கள். பாட்டு பியானோவில் மெதுவாகத் தொடங்குகிறது. நடுவில் ஜப்பானியமும் ஆங்கிலமும் மாறி மாறி வருகின்றன, நம் ஊர்ப் பழைய ஆட்கள் “போன்ழூர் தம்பி, சாப்டியா” என்பதுபோல் வெகு இயல்பாக. கடைசிச் சுற்றில் சுருதி அரைப்படி மேலே ஏறும்போது, அதுவரை அடக்கி வைத்திருந்ததெல்லாம் வெளியே வருகிறது. அழுகை இல்லை. அழுகை வரப்போகும் இடத்தில் குரல் லேசாக நடுங்கி, மூச்சோடு கலந்து, விலகிப் போகிறது.

அந்த நடுக்கத்தை ஜப்பானின் நடுவயதுக்காரர்கள் உடனே அடையாளம் கண்டுகொண்டார்கள். இந்தப் பெண் யார் பெற்ற மகள் என்பது தெரிந்ததும் அதிசயப்பட்டவர்கள் அவர்கள்தான். இளைஞர்களுக்கு அது நியூயார்க்கிலிருந்து வந்த புதுக் குரல். பெரியவர்களுக்கு அது ஃபுஜி கெய்கோவின் மகள்.

ஃபுஜி கெய்கோ 1951 ஜூலை 5-இல் இவாத்தே மாநிலத்து இச்சினோசெக்கியில் பிறந்தவர். என்னைவிட ஒரு வயது மூத்தவர். வளர்ந்தது வடக்கே, பனி கொட்டும் ஹொக்கைடோ தீவின் அசாஹிகாவா ஊரில். தகப்பனார் ‘ரோக்யோக்கு’ பாடுகிறவர். ரோக்யோக்கு என்பது ஏறக்குறைய நம் வில்லுப்பாட்டு மாதிரி. ஒருவர் கதையைப் பாடியும் பேசியும் நடத்துவார், பக்கத்தில் ஒருவர் மூன்று தந்தி கொண்ட ஷாமிசென் வாசிப்பார். வாசித்தவர் தாயார். அவருக்குப் பார்வை இல்லை. சிறுமி அவர்களோடு ஊர் ஊராகப் போனாள், பாடினாள். வறுமை என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. படிப்பைப் பள்ளியோடு நிறுத்திவிட்டுத் தாயோடு டோக்கியோவுக்கு வந்து, இரவில் மதுக்கடை மதுக்கடையாக ஏறி இறங்கிப் பாடிக் காசு வாங்கினாள்.

1969-இல் முதல் தட்டு. ‘ஷின்ஜுக்கு பெண்’ என்று பெயர். ஷின்ஜுக்கு டோக்கியோவின் இரவு வாழ்க்கை நடக்கும் பகுதி. 1970-இல் முதல் ஆல்பம் 20 வாரம் முதலிடத்தில் இருந்தது. அதை இறக்கியது யார்? அவருடைய இரண்டாவது ஆல்பமே. அது 17 வாரம். ஆகத் தொடர்ந்து 37 வாரம் ஒரே பெண்ணின் குரல். அப்போது அவருக்கு 18, 19 வயது. அதே ஆண்டு வந்த ‘கெய்கோவின் கனவு இரவில் மலரும்’ என்ற பாட்டு அவரைத் தேசத்தின் துக்கமாகவே ஆக்கிவிட்டது. தன் பதின்பருவம் வெளிச்சமே இல்லாமல் கழிந்ததை ஒரு பெண் எண்ணிப் பார்க்கிற பாட்டு அது.

ஜப்பான் அப்போது ஒசாக்காவில் உலகக் கண்காட்சி நடத்திக்கொண்டிருந்த நேரம். தொழில், ரயில், வண்ணத் தொலைக்காட்சி என்று நாடே பளபளத்தது. அந்தப் பளபளப்பின் நடுவே இப்படி ஒரு கரகரத்த, தாழ்ந்த, சிரிக்காத குரல். அந்த வகைப் பாட்டுக்கு ‘என்கா’ என்று பெயர். எழுத்தாளர் இத்சுகி ஹிரோயுக்கி அந்தச் சொல்லின் முதல் எழுத்தை மாற்றி, அதே உச்சரிப்புள்ள வேறு எழுத்தைப் போட்டார். மனத்தில் கன்றிக் கிடக்கும் ஆற்றாமையின் பாட்டு என்று அர்த்தம் மாறிவிட்டது. ஒலி அதேதான். எழுத்துத்தான் வேறு. இந்த வித்தையைத் தமிழில் செய்ய முடியாது. பொறாமையாக இருக்கிறது.

நான் இப்போது அந்தப் பழைய ஒலிப்பதிவுகளைக் கேட்கிறேன். அதே 1970-இல் எங்கள் வீட்டில் ரேடியோ ஒன்று இருந்தது. சிலோன் ஒலிபரப்பைத் தவிர வேறெதற்கும் திருப்பியதில்லை. என் வயதுக்காரப் பெண் ஒருத்தி அந்தப் பக்கம் இப்படிப் பாடிக்கொண்டிருந்தாள் என்பது அன்று எனக்கு எட்டியிருக்கவே முடியாது.

புகழ் உச்சியில் நிற்கும்போதே தொண்டையில் தொல்லை வந்தது. 1974-இல் அறுவைச் சிகிச்சை. குரல் திரும்பி வந்தது, ஆனால் வேறு குரலாக வந்தது. முன்பு முட்டி மோதி ஏற வேண்டிய மேல் சுரங்களுக்கு இப்போது சுலபமாகப் போக முடிந்தது. கேட்கிறவர்கள் நெஞ்சில் தைத்த முள் போய்விட்டது என்பது அவருக்குத் தெரிந்துவிட்டது. மற்றவர்கள் கவனிக்கவில்லை. அல்லது கவனிக்காததுபோல் இருந்தார்கள். 1979-இல், 28 வயதில், மேடையை விட்டு விலகினார்.

விலகுவதற்கு முன் அந்த இலையுதிர் காலத்தில், சாவாக்கி கோதாரோ என்ற எழுத்தாளர் ஒரு ஓட்டல் மதுக்கூடத்தில் அவரோடு நெடுநேரம் பேசினார். ஏன் விலகுகிறீர்கள் என்ற கேள்விக்குத்தான் குரலைப் பற்றிய இந்தப் பதில். சாவாக்கி அதை நூலாக எழுதினார், வருணனை ஒரு வரி இல்லாமல் முழுக்க உரையாடலாகவே. எழுதி முடித்தபின் அவருக்கு மனம் ஒப்பவில்லை, அச்சுக்குக் கொடுக்காமல் வைத்துவிட்டார். எத்தனை வருடம்? முப்பத்து நான்கு. நம் அலுவலகங்களில் கோப்பு தூங்கும், அறிவேன். இது தூக்கம் இல்லை, மரியாதை.

கெய்கோ அமெரிக்காவுக்குப் போனார். உத்தாதா தெருசானே என்ற இசைத் தயாரிப்பாளரை மணந்தார். 1983 ஜனவரி 19-இல் நியூயார்க்கில் மகள் பிறந்தாள். பெயர் ஹிகாரு, ஒளி என்று பொருள். பாட்டிக்குப் பார்வை இல்லை, தாயோ இரவைப் பாடியே பெயர் வாங்கினாள். அந்த வீட்டில் ஒளி என்று ஒரு பெயர். குழந்தை ஒலிப்பதிவுக் கூடங்களிலேயே வளர்ந்தது. தாய், தகப்பன், மகள் மூவரும் குழுவாகச் சேர்ந்து தட்டுகூட வெளியிட்டார்கள், விற்கவில்லை. பிறகு மகள் தனியாகப் பாடியதுதான் நான் மேலே சொன்ன பதினாறு பேருக்கு ஒன்று.

தாயும் மகளும் பாடுவதில் ஒற்றுமை இருக்கிறதா? வகை வேறு, தாளம் வேறு, உச்சரிப்பு வேறு. என் காதுக்குப் படுவதைச் சொல்கிறேன். இருவருமே வரியின் கடைசி எழுத்தை முழுசாகக் கையில் கொடுப்பதில்லை. கொடுக்க வந்து, பாதியில் கையை இழுத்துக்கொள்கிறார்கள். கேட்கிறவன் அந்த மீதியை நீட்டி வாங்கப் போகிறான், அங்கே மாட்டிக்கொள்கிறான்.

ஹிகாரு பன்னிரண்டு வருடம் ஓயாமல் பாடினார். 2010-இல், கொஞ்ச காலம் பாட்டை நிறுத்திவிட்டு மனிதராக வாழப் போகிறேன் என்ற பொருளில் அறிவித்தார். ஏறக்குறைய தாய் விலகிய அதே வயது. போகிற வேளையில் வெளியிட்ட தொகுப்பில் எதித் பியாஃபின் ‘இம்ன் ஆ லாமூர்’ இருக்கிறது. கொஞ்சம் பிரெஞ்சிலும், மீதி தாமே எழுதிய ஜப்பானியச் சொற்களிலும் பாடியிருக்கிறார். எங்கள் லிசே காலத்தில் இந்தப் பாட்டைத் தெரியாதவன் இருக்க முடியாது. குத்துச்சண்டை வீரர் மார்செல் செர்தான் மீது கொண்ட காதலில் பியாஃப் எழுதியது. 1949 அக்டோபரில் செர்தான் விமான விபத்தில் இறந்தார். அதற்கு முன்பே எழுதிய பாட்டு, பிறகு அவருக்கான அஞ்சலியாகவே ஆகிவிட்டது. பாட்டுகளுக்கு இப்படி முன்கூட்டியே தெரிந்துவிடுவது உண்டுபோலும்.

2013 ஆகஸ்ட் 22 காலை, ஃபுஜி கெய்கோ ஷின்ஜுக்குவில் ஒரு மாடிக் கட்டடத்திலிருந்து விழுந்து உயிர்விட்டார். 62 வயது. அவருடைய முதல் பாட்டின் பெயரில் இருந்த அதே ஷின்ஜுக்கு. தற்கொலை என்றது போலீஸ். தாய் நெடுங்காலமாக மனநோயால் அவதிப்பட்டார் என்று மகள் ஓர் அறிக்கையில் சொன்னார். அதற்கு மேல் இதில் நமக்கு வேலையில்லை. அந்த அக்டோபரில் சாவாக்கி தன் பழைய கையெழுத்துப் படியை எடுத்து ‘ஒற்றை எரிநட்சத்திரம்’ என்று பொருள்படும் பெயரில் வெளியிட்டார். கடைசி வருடங்களின் நோயையும் சாவையும் மட்டுமே உலகம் பேசிக்கொண்டிருந்த நேரத்தில், 28 வயதில் தெளிவாகவும் துடிப்பாகவும் பேசிய அந்தப் பெண்ணை அவள் மகள் பார்க்க வேண்டும் என்று அவர் விரும்பினார். முப்பத்து நான்கு வருடம் மூடி வைத்ததற்கும், பிறகு திறந்ததற்கும் காரணம் ஒன்றே என்று எனக்குத் தோன்றுகிறது.

மகள் திரும்பி வந்தது 2016-இல். வந்தது எந்த வழியாக? மறுபடியும் ஒரு தொலைக்காட்சித் தொடரின் தலைப்புப் பாட்டாக.

என்.எச்.கே. நிலையத்தில் காலைத் தொடர் என்று ஒன்று உண்டு. இரவுத் தொடர் மாதிரி இல்லை. காலை எட்டு மணிக்கு, பதினைந்தே நிமிடம், அன்று வாரத்தில் ஆறு நாள், ஆறு மாதம் ஓடும். நாடே பல் துலக்கி, சூப்பும் சோறும் சாப்பிடும் நேரத்தில் பார்ப்பது. 2016 ஏப்ரல் 4 முதல் அக்டோபர் 1 வரை ‘தோதோ நேச்சான்’ என்ற தொடர் ஓடியது, 156 பகுதிகள். தகப்பனை இழந்த வீட்டில் மூத்த மகளே தகப்பன் ஸ்தானத்தில் நின்று தாயையும் தங்கைகளையும் காப்பாற்றுகிறாள், போருக்குப் பின் பெண்களுக்காக ஒரு பத்திரிகை தொடங்குகிறாள். உண்மையில் நடந்த ஒரு பத்திரிகையின் கதையைத் தழுவியது. அதற்கு ஹிகாரு எழுதிப் பாடியது ‘ஹனாதாபா வோ கிமி நி’, ‘உனக்கு ஒரு பூங்கொத்து’.

இனிமையான, மெதுவான பாட்டு. முதல் முறை கேட்டபோது கல்யாண வாழ்த்து என்றே நினைத்தேன். மெல்லிய ஒப்பனை செய்த ஒரு முகம் வருகிறது, பூங்கொத்து வருகிறது, ஒரு காலை வேளை வருகிறது. மணப்பெண் அல்லாமல் வேறு யார்?

ஜப்பானில் இறந்தவர் முகத்துக்கு மெல்லிய ஒப்பனை செய்யும் வழக்கம் இருக்கிறது. தகனத்துக்கு முன் பெட்டியில் சுற்றத்தார் பூக்களை வைப்பார்கள். இது தெரிந்தபின் பாட்டை இன்னொரு முறை போட்டேன். அதே சொல், அதே மெட்டு. கல்யாண வீடு சாவு வீடாகிவிட்டது. தாயை எண்ணி எழுதியதுதான் என்று ஹிகாருவே பிற்பாடு சொல்லியிருக்கிறார்.

நம் வழக்கத்தில் இதற்குப் பெயர் ஒப்பாரி. எங்கள் அம்மா காலமானபோது பெரிய அக்கா கூடத்தில் உட்கார்ந்து பாடினாள். அம்மா பத்து வயதில் தன் தகப்பனாருக்கு மில்லுக்குச் சோறு தூக்கிப் போனதும், வழியில் மழையில் தூக்குச்சட்டியை முந்தானையால் மூடிக்கொண்டு நின்றதும் அந்த ஒப்பாரியில்தான் எனக்குத் தெரிய வந்தன. அம்மா உயிரோடிருந்தவரை என்னிடம் சொன்னதில்லை. அக்காவும் அதற்கு முன் சொன்னதில்லை, பிறகும் சொன்னதில்லை. பேச்சில் வராதவை ராகத்தில் வந்துவிட்டுப் போயின. சாவு வீட்டுக்கு வந்திருந்த முப்பது நாற்பது பேர் கேட்டார்கள்.

ஹிகாருவின் ஒப்பாரியை ஒரு தேசம் ஆறு மாதம் கேட்டது, ஞாயிறு நீங்கலாகத் தினம் காலை எட்டு மணிக்கு. கேட்டவர்களில் பெரும்பாலோர் அதை ஒப்பாரி என்று அறியாமலே ரொட்டிக்கு வெண்ணெய் தடவியிருப்பார்கள், பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பியிருப்பார்கள். தொடருக்கு அளவெடுத்துத் தைத்த சட்டைதான் அது. தகப்பனை இழந்த மகளின் கதைக்கு அச்சாகப் பொருந்தியது. ஆனால் தைத்தவள் உள்பக்கத்தில், தன் கண்ணுக்கு மட்டும் தெரியும்படி, வேறொரு பெயரையும் தைத்து வைத்திருந்தாள். வாசலில் நின்று அழ முடியாதவர்களுக்கு இப்படி ஒரு வாடகைக் கூடம் கிடைக்கிறதென்றால், தொலைக்காட்சித் தலைப்புப் பாட்டைக் கடைச் சரக்கு என்று நான் சொல்ல மாட்டேன்.

அந்த ஆண்டு செப்டம்பர் 28-இல் வந்த ஆல்பத்துக்கு அவர் வைத்த பெயர் ஒரு பிரெஞ்சுச் சொல், ‘ஃபான்தோம்’. அகராதியில் பேய், ஆவி என்று போட்டிருக்கும். அது போதாது. கால் வெட்டுப்பட்டவனுக்கு, இல்லாத அந்தக் கால் வலிக்கும். அதை மருத்துவர்கள் ‘மாம்ப்ர் ஃபான்தோம்’ என்பார்கள். இந்தோசீனாவில் ஒரு காலை விட்டுவிட்டு வந்த சொல்தா ஒருவர் எங்கள் தெருவில் இருந்தார். ஐப்பசி மழைக்கு முன்னால் அந்த இல்லாத கால் கட்டைவிரல் குடைகிறது என்பார். ஹிகாரு எதை நினைத்து அந்தச் சொல்லைத் தேர்ந்தாரோ, நான் படித்த பிரெஞ்சில் அதற்கு இந்த அர்த்தமும் உண்டு.

2018-இல் அடுத்த ஆல்பம். பெயர் ‘ஹாத்சுகோய்’. அதற்கு ஜப்பானிய மொழியில் முதல் காதல் என்றே பொருள். பதினாறு வயதில் ஆங்கிலத்தில் வைத்த அதே பெயரை முப்பத்தைந்து வயதில் தாய்மொழியில் வைத்தார். அந்தத் தலைப்புப் பாட்டும் டி.பி.எஸ். நிலையத்தில் ஒரு தொடருக்குப் போயிற்று. இந்த முறை அவர் ஒரு மகனுக்குத் தாய். 1999-இன் பாட்டையும் 2018-இன் பாட்டையும் சேர்த்துத்தான் நெட்ஃபிளிக்ஸ் தொடருக்குக் கதை கட்டியிருக்கிறார்கள். விபத்தில் நினைவு இழந்து சப்போரோ நகரில் டாக்சி ஓட்டும் ஒரு பெண், அவளை மறக்காத முன்னாள் விமானி. மறந்துபோன காதலை மீட்டெடுப்பதில் அந்தப் பழைய பாட்டுக்கு ஒரு பங்கு உண்டு. தொடர் 2022 நவம்பர் 24-இல் வந்ததும் 23 வருடம் பழைய பாட்டு மறுபடியும் பட்டியல்களில் ஏறிவிட்டது. தொடர் நடக்கும் ஹொக்கைடோ, தாய் கெய்கோ வளர்ந்த பனித்தீவு. கதை எழுதியவர்கள் அதை நினைத்துச் செய்தார்களோ இல்லையோ, எனக்கு அந்தப் பனியைப் பார்க்கும்போதெல்லாம் ஷாமிசென் பெட்டியோடு நடந்துபோகும் மூன்று பேர்தான் தெரிந்தார்கள்.

ஹிகாரு 2018 நவம்பர், டிசம்பரில் ஊர் ஊராகப் போய்க் கச்சேரி செய்தார். கடைசி நாள் டிசம்பர் 9, முதல் தட்டு வெளிவந்து சரியாக இருபது வருடம். அந்தக் கச்சேரிகளில் பூங்கொத்துப் பாட்டையும் பாடினார், ‘ஃபர்ஸ்ட் லவ்’வையும் பாடினார், இடையில் ஒரே ஒரு பாட்டு விட்டு.

கேட்க விரும்புகிறவர்கள் பேரப்பிள்ளைகளிடம் சொன்னால் கைப்பேசியில் நிமிஷத்தில் எடுத்துக் கொடுப்பார்கள். வரிசை மட்டும் நான் சொல்கிறபடி வைத்துக்கொள்ளுங்கள். முதலில் ஃபுஜி கெய்கோவின் 1970-ஆம் ஆண்டுப் பாட்டு. பிறகு ‘ஃபர்ஸ்ட் லவ்’. பூங்கொத்துப் பாட்டைக் கடைசியில், முடிந்தால் காலை எட்டு மணிக்கு, காப்பி குடித்துக்கொண்டே.